கீஸ்லோவ்ஸ்கியை எங்கிருந்து பார்க்கத் தொடங்குவது: ஒரு வழிகாட்டி

போலந்து இயக்குநர் கிறிஸ்டோஃப் கீஸ்லோவ்ஸ்கியை அறிய விரும்புகிறவர்கள் பெரும்பாலும் 'த்ரீ கலர்ஸ்: ப்ளூ' படத்தில்தான் தொடங்குகிறார்கள். எளிதில் கிடைக்கிற படம், பலரும் பரிந்துரைக்கிற படம், அழகிலும் குறை சொல்ல முடியாத படம் என்பதால் அதில் வியப்பில்லை. ஆனால் 1966இல் மாணவராகக் குறும்படம் எடுக்கத் தொடங்கி 1994இல் ஓய்வை அறிவித்த ஒருவரின் பயணத்தில் அது ஏறத்தாழ இறுதிக் கட்டம். அங்கிருந்து நுழைகிறவருக்கு அவர் நீல ஒளியும் இசையும் தற்செயல்களும் நிறைந்த, சற்றே மர்மமான ஒரு கலைஞராக மட்டுமே தோன்றுவார். அவர் நீண்ட காலம் ஆவணப்படங்கள் எடுத்தவர் என்பதும், அந்த வேலையை ஏறக்குறைய முற்றிலுமாகக் கைவிட்டார் என்பதும், ஏன் கைவிட்டார் என்பதும் தெரியாமலே போய்விடும். அந்தக் காரணத்தைத் தெரிந்துகொண்டு பார்த்தால்தான் பிற்காலப் படங்கள் தம்மை முழுமையாகக் காட்டுகின்றன என்பது என் உறுதியான எண்ணம். அதனால் ஆவணப்படங்களிலிருந்து தொடங்கி, ஒவ்வொரு கட்டத்திலும் எதைப் பார்ப்பது, எப்படிப் பார்ப்பது, எதைத் தள்ளிவைப்பது என்று இங்கே சொல்கிறேன்.

தொடங்கும் முன் தெரிந்திருக்க வேண்டியவை

வாழ்க்கை வரலாறு முழுவதையும் படித்துவிட்டுப் படங்களுக்கு வர வேண்டியதில்லை. சில செய்திகள் போதும். கீஸ்லோவ்ஸ்கி 1941ஆம் ஆண்டு ஜூன் 27ஆம் நாள், ஜெர்மானியப் படைகளின் பிடியில் இருந்த வார்சாவில் பிறந்தார். தந்தை பொறியாளர், காசநோயாளி. அவருடைய சிகிச்சைக்காகக் குடும்பம் ஊர் ஊராக, ஒரு சானடோரியத்திலிருந்து இன்னொரு சானடோரியத்துக்கு இடம் மாறிக்கொண்டே இருந்தது. பிறகு கீழ்ச் சைலீசியாவிலுள்ள சொகொலோவ்ஸ்கோ என்ற சிற்றூரில் தங்கியது. அங்கே படம் பார்க்கக் காசில்லாத பையன்கள் அரங்கின் கூரைமேல் ஏறிக் காற்றுப்போக்கி வழியாக உள்ளே எட்டிப் பார்ப்பார்கள் என்றும், அங்கிருந்து திரையின் கீழ்ப்பகுதியில் கொஞ்சம் மட்டுமே தெரியும் என்றும் பின்னாளில் அவர் நினைவுகூர்ந்திருக்கிறார்.

பதினாறு வயதில் தீயணைப்பு வீரர்களுக்கான பயிற்சிப் பள்ளியில் சேர்ந்து, மூன்றே மாதத்தில் வெளியேறினார். சீருடையும் அணிவகுப்பும் தனக்கு ஒத்துவராது என்பதை அங்கே தெரிந்துகொண்டார். அடுத்து, உறவினர் ஒருவர் நடத்திவந்தார் என்ற காரணத்தால் வார்சாவிலிருந்த நாடகத் தொழில்நுட்பப் பள்ளிக்குப் போனார். நாடகத்தின்மீது காதல் பிறந்தது அங்கேதான். நாடக இயக்குநராக வேண்டுமென்றால் முதலில் ஒரு பட்டம் வேண்டும் என்பதால்தான் லோட்ஸ் திரைப்படப் பள்ளிக்கு விண்ணப்பித்தார். இரண்டு முறை அவரைத் திருப்பி அனுப்பிய அந்தப் பள்ளி, மூன்றாம் முறை 1964இல் சேர்த்துக்கொண்டது. இடைப்பட்ட காலத்தில் நாடக அரங்கு ஒன்றில் நடிகர்களுக்கு உடையணிவிக்கும் வேலை பார்த்தார். அந்த அனுபவம் 1975இல் தொலைக்காட்சிக்காக எடுத்த 'பெர்சனல்' படத்தில், நாடகத் தையற்கூடத்தில் வேலைக்குச் சேரும் இளைஞனின் கதையாக வந்து சேர்ந்தது.

நாட்டின் வரலாற்றிலிருந்து நான்கு தேதிகளை ஒரு தாளில் எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். 1970 டிசம்பரில் உணவுப்பொருள் விலையேற்றத்தை எதிர்த்து பால்டிக் கடற்கரை நகரங்களில் கிளர்ந்த தொழிலாளர்கள் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். 1980 ஆகஸ்டில் கிதான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்தில் நடந்த வேலைநிறுத்தத்திலிருந்து 'சாலிடாரிட்டி' என்ற தொழிற்சங்க இயக்கம் பிறந்தது. 1981 டிசம்பர் 13ஆம் நாள் இராணுவச் சட்டம் பிறப்பிக்கப்பட்டது. 1989 ஜூனில் ஓரளவு சுதந்திரமான தேர்தல் நடந்து ஆட்சி கைமாறியது. கீஸ்லோவ்ஸ்கி படங்களில் அரசியல் பெரும்பாலும் சுவருக்கு அப்பால் நடக்கும். ஆனால் ஒரு படம் எடுக்கப்பட்ட ஆண்டும் வெளியான ஆண்டும் ஏன் வேறுபடுகின்றன என்ற கேள்வி எழும்போதெல்லாம் இந்தத் தாள் விடை சொல்லும்.

முதல் கட்டம்: ஆவணப்படங்கள்

இவற்றில் பெரும்பாலானவை சிறியவை. பல கால் மணி நேரத்தைத் தாண்டாதவை. ஆகவே ஒவ்வொன்றையும் இரண்டு முறை பார்ப்பது என்று முடிவு செய்துகொள்ளுங்கள். முதல் முறை சப்டைட்டிலைப் படியுங்கள்; இரண்டாம் முறை அதை விட்டுவிட்டு முகங்களையும் கைகளையும் மட்டும் கவனியுங்கள்.

1966இல் மாணவராக எடுத்த 'தி ஆஃபீஸ்' முதலில் வரட்டும். அரசுக் காப்பீட்டு அலுவலகம் ஒன்றின் சாளரம். அதன் முன்னே வரிசையில் நிற்கும் முதியவர்கள். உள்ளிருந்து ஒரே தொனியில் வரும் கேள்விகள். பேசுகிறவரின் குரலும் நாம் பார்க்கும் முகமும் பல இடங்களில் ஒன்றுக்கொன்று பொருந்துவதில்லை. ஒலி ஒரு வேலையைச் செய்ய, காட்சி இன்னொரு வேலையைச் செய்கிறது. இறுதியில் கோப்புகள் அடுக்கிய அலமாரிகள் வருகின்றன. வாழ்நாள் முழுவதும் என்ன செய்தீர்கள் என்று படிவம் கேட்கும் கேள்வி அந்தக் கோப்புகளின் மேல் ஒலிக்கிறது. நிருபரும் இல்லை, விளக்கவுரையும் இல்லை. ஓர் அதிகாரியின் அன்றாடக் கேள்வியை அது இருக்க வேண்டிய இடத்திலிருந்து எடுத்து வேறோர் இடத்தில் வைத்ததோடு இயக்குநர் நிறுத்திக்கொள்கிறார். படத்தொகுப்பு மேசையில்தான் படம் பிறக்கிறது என்று வாழ்நாள் முழுவதும் நம்பியவரின் முதல் தடம் இது.

அடுத்து, தோமாஷ் ஸிகாட்லோவுடன் சேர்ந்து இயக்கிய 'வொர்க்கர்ஸ் 71'. 1970 டிசம்பருக்குப் பின் தொழிலாளர்கள் என்ன நினைக்கிறார்கள் என்று கேட்கப் போன படம் அது. தொலைக்காட்சி அதை மாற்றி வெட்டித்தான் ஒளிபரப்பியது. அது கலையாக முழுமை பெற்ற படம் இல்லை. ஆனாலும் தான் எடுத்ததை வேறொருவர் வேறொன்றாக ஆக்க முடியும் என்பதை அவர் கற்றுக்கொண்ட இடம் என்பதால் அதைப் பார்க்க வேண்டும்.

இதற்குப் பிறகுதான் கேமராவுக்கு எதுவரை உரிமை உண்டு என்ற கேள்வி அவரைத் துரத்தத் தொடங்குகிறது. 1974இல் வந்த 'ஃபர்ஸ்ட் லவ்', திருமணத்துக்கு முன்பே கருவுற்ற ஓர் இளம்பெண்ணையும் அவளுடைய காதலனையும் குழந்தை பிறக்கும்வரை பின்தொடர்கிறது. அதில் அவர்கள் வீட்டுக்கு ஒரு காவலர் வந்து விசாரிக்கும் காட்சி இயக்குநரே ஏற்பாடு செய்தது. குழந்தை பிறந்தபின் தந்தையின் கண்ணில் வரும் நீரை யாரும் ஏற்பாடு செய்யவில்லை. இந்த இரண்டு காட்சிகளையும் அடுத்தடுத்து ஓடவிட்டுப் பாருங்கள். உண்மையான கண்ணீரைப் படம்பிடிக்கத் தனக்கு உரிமை உண்டா என்று தெரியவில்லை, அது தன்னை அச்சுறுத்துகிறது என்றும், மருந்துக்கடையில் கிளிசரின் வாங்கிக்கொள்ளலாம் என்பதே கதைப்படத்தில் கிடைக்கும் நிம்மதி என்றும் அவர் பிற்காலத்தில் சொன்னதன் வேர் இங்கே இருக்கிறது.

1977இல் எடுத்த 'ஃப்ரம் எ நைட் போர்ட்டர்ஸ் பாயிண்ட் ஆஃப் வியூ', ஆலை ஒன்றின் இரவுக் காவலாளியை அவருடைய சொந்தச் சொற்களிலேயே காட்டுகிறது. விதிமுறைகளை வணங்கும் மனிதர். கட்டுப்பாடும் கண்காணிப்பும் போதவில்லை என்று கவலைப்படுகிறவர். பார்க்கும்போது அவர்மீது கோபம் வரும். சற்று நேரம் கழித்து, இவ்வளவு நம்பிக்கையோடு பேசுகிற மனிதரை இப்படி உலகத்தின் முன் நிறுத்தலாமா என்ற கூச்சமும் வரும். அதே கூச்சம் இயக்குநருக்கும் இருந்தது. அந்த மனிதருக்குத் தீங்கு வரக்கூடும் என்று எண்ணிப் படத்தைத் தொலைக்காட்சியில் காட்ட அவர் இசையவில்லை.

1980இல் எடுத்த 'டாக்கிங் ஹெட்ஸ்' படத்தைப் பார்க்கும்போது கையில் ஒரு பேனா இருக்கட்டும். பேசத் தெரியாத குழந்தையில் தொடங்கி நூறு வயதுப் பெண்மணிவரை வயது ஏறு வரிசையில் மனிதர்கள் வருகிறார்கள். எந்த ஆண்டு பிறந்தீர்கள், நீங்கள் யார், உங்களுக்கு எது வேண்டும் என்ற கேள்விகள்தாம் எல்லோருக்கும். வயதையும் விருப்பத்தையும் குறித்துக்கொண்டே போங்கள். நாற்பதைத் தாண்டும்போது விடைகளில் ஒரே மாதிரியான சொற்கள் திரும்பத் திரும்ப வருவதை உங்கள் தாளிலேயே பார்ப்பீர்கள். நூறு வயதுக்காரருக்கு இன்னும் கொஞ்சம் வாழ வேண்டும்.

இந்தக் கட்டத்தில் கடைசியாக வைக்க வேண்டிய படம் அதே ஆண்டின் 'ஸ்டேஷன்'. வார்சா மத்திய ரயில் நிலையத்தில் பொருள் வைக்கும் பெட்டகங்களோடு திணறும் பயணிகள், தாமதமாகும் ரயில்கள், மேலிருந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கும் கண்காணிப்புக் கேமரா. படப்பிடிப்பு நடந்த நாள்களில் காவல்துறை வந்து எடுத்த சுருள்களையெல்லாம் கைப்பற்றிக்கொண்டு போனது. தன் தாயைக் கொன்ற ஒரு பெண், உடலைத் துண்டாக்கிப் பெட்டிகளில் வைத்து அந்த நிலையத்துப் பெட்டகங்களில் ஒளித்திருந்தாள். அவள் தற்செயலாகப் படச்சுருளில் பதிந்திருப்பாளா என்று அவர்கள் தேடினார்கள். பதிந்திருக்கவில்லை. ஆனால் ஒருவேளை பதிந்திருந்தால், தான் விரும்பாமலே காவல்துறையின் சாட்சியாக ஆகியிருப்போம் என்ற எண்ணம் கீஸ்லோவ்ஸ்கியை விடவில்லை. ஆவணப்படத்திலிருந்து அவர் விலகிய முடிவுக்கு இந்த நிகழ்ச்சியே உடனடித் தூண்டுதல். பிற்காலப் படங்களில் தொலைநோக்கியும் ஒட்டுக்கேட்கும் கருவியும் சாளரமும் வரும்போதெல்லாம் இந்த ரயில் நிலையத்தை நினைவில் கொண்டுவாருங்கள்.

இரண்டாம் கட்டம்: 'கேமரா பஃப்' படத்தை ஏன் அவசரமில்லாமல் பார்க்க வேண்டும்

ஆவணப்படங்கள் எழுப்பிய கேள்வியைக் கதையாக ஆக்கிய படம் 1979இல் வந்த 'கேமரா பஃப்'. மாஸ்கோ திரைப்பட விழாவில் முதன்மைப் பரிசு பெற்றது. யெர்சி ஸ்டூர் நடித்த ஃபிலிப் என்ற தொழிற்சாலை ஊழியர், பிறக்கப்போகும் மகளைப் படமெடுப்பதற்காக ஒரு 8 மி.மீ. கேமரா வாங்குகிறார். நிர்வாகம் ஆண்டுவிழாவைப் படமெடுக்கச் சொல்கிறது; படம் பரிசு வாங்குகிறது; அதன் பிறகு அவருடைய கண்ணில் படுகிறதெல்லாம் காட்சியாக மாறுகிறது. மனைவி பிரிந்து போகும் காட்சியில் அவருடைய கைகளைக் கவனியுங்கள். நடந்து போகிறவளைப் பார்த்தபடியே இரண்டு கை விரல்களையும் சேர்த்துச் சட்டம் கட்டிப் பார்க்கிறார். வாழ்க்கையில் மிக வலிக்கும் கணத்திலும் சட்டகத்தைத் தேடுகிற அந்தக் கையசைவுக்காகவே இந்தப் படத்தை முழுமையாகப் பார்க்கலாம்.

நல்ல எண்ணத்தோடு எடுத்த படம் வேறொருவரின் வேலையைப் பறிக்க முடியும் என்பது பிற்பாதியில் தெரியவருகிறது. இறுதியில் ஃபிலிப் கேமராவைத் தன் பக்கமே திருப்பிக்கொள்கிறார். இதைத் தோல்வி என்று எடுத்துக்கொள்கிறவர்களும் உண்டு, தெளிவு என்கிறவர்களும் உண்டு. எனக்கு இது இயக்குநர் தனக்கே எழுதிக்கொண்ட நிபந்தனை என்று படுகிறது: இனி அடுத்தவரின் வாழ்க்கைக்குள் நுழைவதானால், நடிகரை வைத்துக் கற்பனையாக நுழைவது. நெருங்கிய நண்பரும் இயக்குநருமான கிறிஸ்டோஃப் ஸனுஸி இதில் ஸனுஸியாகவே தோன்றுகிறார்.

'தி ஸ்கார்' படத்தை இப்போதைக்குத் தள்ளிவைக்கலாம். 1976இல் எடுக்கப்பட்டு 1980வரை முடக்கப்பட்டிருந்த 'தி காம்' நேரமிருந்தால் பார்க்க வேண்டியது.

மூன்றாம் கட்டம்: ஓடும் ரயிலும் ஒரு வழக்கறிஞரும்

1981இல் முடிக்கப்பட்டு, இராணுவச் சட்டத்தால் 1987வரை வெளிவராமல் இருந்த 'பிளைண்ட் சான்ஸ்' படத்தில் போகுஸ்லாவ் லிண்டா நடிக்கும் வீடெக் என்ற மருத்துவ மாணவன் புறப்பட்டுவிட்ட ரயிலைப் பிடிக்க ஓடுகிறான். மூன்று முறை ஓடுகிறான். மூன்று வாழ்க்கைகள் பிறக்கின்றன. ஒன்றில் ஆளும் கட்சியில் சேர்கிறான், ஒன்றில் எதிர்ப்பாளர்களோடு சேர்கிறான், ஒன்றில் எதிலும் சேராமல் மருத்துவனாக ஒதுங்கி வாழ்கிறான். மூன்று ஓட்டங்களையும் தனித்தனியாக நிறுத்தி நிறுத்திப் பாருங்கள். நடைமேடையில் அவன் யார்மீது மோதுகிறான், உருண்டு போகும் நாணயம் எங்கே போகிறது என்பவை நொடிக் கணக்கில் மாறுகின்றன. பிற்காலத்தில் பல இயக்குநர்கள் எடுத்துக்கொண்ட இந்த அமைப்பில் இன்னும் பழையதாகாத ஒன்று உண்டு. எந்தப் பக்கம் போனாலும் வீடெக் அடிப்படையில் அதே நல்லவனாகவே இருக்கிறான். அவனைச் சுற்றியுள்ள நாட்டில்தான் நல்லவனாக இருப்பதன் பொருள் மாறிக்கொண்டே போகிறது.

இராணுவச் சட்டக் காலத்தில் நடந்த அரசியல் வழக்குகளை ஆவணப்படமாக எடுக்க கீஸ்லோவ்ஸ்கி நீதிமன்றங்களுக்குப் போனார். கேமரா இருக்கும் அறையில் நீதிபதிகள் கடுமையான தண்டனை வழங்கத் தயங்கினார்கள் என்பது விரைவில் தெரிந்துவிட்டது. அதனால் குற்றம் சாட்டப்பட்டவர்களின் வழக்கறிஞர்களே கேமராவோடு வந்து நிற்கும்படி அவரைக் கேட்டுக்கொண்டார்கள். ஒருவரின் வாழ்க்கைக்குள் கேமரா தலையிடும் என்று அஞ்சியவர், அந்தத் தலையீடு காப்பாற்றவும் கூடும் என்று கண்ட இடம் இது. அங்கே அறிமுகமான வழக்கறிஞர் கிறிஸ்டோஃப் பியெசெவிச்சோடு சேர்ந்துதான் அதன் பிறகு எல்லாத் திரைக்கதைகளையும் எழுதினார். முதலில் பிறந்தது 1985இல் வெளியான 'நோ எண்ட்'. இறந்துபோன வழக்கறிஞர் ஒருவர் தன் மனைவியையும் தான் பாதியில் விட்டுப்போன வழக்கையும் பார்த்துக்கொண்டிருக்கும் கதை. அரசுக்கும் பிடிக்கவில்லை, எதிர்ப்பாளர்களுக்கும் பிடிக்கவில்லை, திருச்சபைக்கும் பிடிக்கவில்லை. இசையமைப்பாளர் ஸ்பிக்னியெவ் பிரெய்ஸ்னர் அவரோடு சேர்ந்ததும் இந்தப் படத்தில்தான். ஆக, பிற்காலக் குழுவின் மூவரும் இங்கே ஒன்றுகூடிவிட்டார்கள்.

நான்காம் கட்டம்: 'டெகலாக்'

இதற்கு நேரம் ஒதுக்குங்கள். போலந்துத் தொலைக்காட்சிக்காக 1988ஐ ஒட்டி எடுக்கப்பட்ட, ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஓடும் பத்துப் படங்கள். பத்துக் கட்டளைகளை அடியொற்றியவை. ஒரே மூச்சில் பார்க்கும் பழக்கத்தை இங்கே விட்டுவிடுங்கள். ஒரு நாளுக்கு ஒன்று, அதற்கு மேல் வேண்டாம். பார்த்து முடித்தவுடன் விமர்சனங்களைத் தேடிப் போகாமல், இந்தக் கட்டளையை மீறியவர் யார், மீறாமல் இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நீங்களே இரண்டு வரி எழுதிப் பாருங்கள். பல கதைகளில் விடை எழுத முடியாமல் நிற்பீர்கள். பியெசெவிச்சும் கீஸ்லோவ்ஸ்கியும் உங்களை நிறுத்த நினைத்த இடம் அதுவே.

படங்களுக்கு எண்கள்தாம் தலைப்பு. கட்டளைகளின் வரிசை கத்தோலிக்க மரபைப் பின்பற்றுவதால் கொலை செய்யாதே என்பது ஐந்தாவதாக வரும். வேறு மரபின் பட்டியலை வைத்துக்கொண்டு தேடினால் குழப்பம்தான். சில படங்களில் கட்டளைக்கும் கதைக்குமுள்ள தொடர்பு தளர்வானது. அதைத் துருவி நேரத்தை வீணாக்க வேண்டாம்.

எல்லாக் கதைகளும் வார்சாவிலுள்ள ஒரே அடுக்குமாடிக் குடியிருப்பில் நடக்கின்றன. ஒரு கதையின் நாயகர் இன்னொரு கதையில் நம்மைக் கடந்து போவார். முதல் படத்தின் தந்தையை மூன்றாம் படத்தின் கிறிஸ்துமஸ் இரவில் சில நொடிகள் பார்க்கலாம். இரண்டாம் படத்தில் மருத்துவருக்கு முன்னிருந்த சிக்கல், எட்டாம் படத்தில் அறவியல் வகுப்பில் ஒரு மாணவியின் எடுத்துக்காட்டாக வருகிறது. எட்டாம் படத்தில் தன் அஞ்சல்தலைகளைக் காட்டி மகிழும் முதியவரின் சாவிலிருந்துதான் பத்தாம் படம் தொடங்குகிறது. வரிசை மாறாமல் பார்க்கச் சொல்வதற்கு இதுவே காரணம். ஏழாவதையும் பத்தாவதையும் தவிர மற்றவற்றில் ஆர்தூர் பார்ச்சிஸ் நடிக்கும், பேசாத ஒரு மனிதர் முக்கியமான கணங்களில் வந்து பார்த்துவிட்டுப் போவார். அவர் தேவதூதரா, விதியா என்ற ஆராய்ச்சியைவிட அவர் எந்தக் கணத்தில் வருகிறார் என்று குறித்துக்கொள்வது பயனுள்ளது. அவர் எதையும் தடுப்பதில்லை. எல்லாவற்றையும் பார்த்தும் தலையிட உரிமையில்லாத ஆவணப்படக்காரரை எனக்கு அவர் எப்போதும் நினைவூட்டுகிறார்.

பத்துப் படங்களுக்கு ஒன்பது ஒளிப்பதிவாளர்கள். பியோத்ர் சோபோசின்ஸ்கி மட்டும் மூன்றாவதையும் ஒன்பதாவதையும் எடுத்தார். ஒளிப்பதிவில் ஆர்வமுள்ளவர்கள் ஒரே கட்டடம் எப்படி ஒவ்வொருவர் கையிலும் வேறாகிறது என்று ஒப்பிடலாம்.

முதல் படத்தை எப்படிப் பார்ப்பது என்று சற்று விரிவாகச் சொல்கிறேன். மற்றவற்றுக்கும் அது பழக்கிவிடும். கணினியை நம்பும் ஒரு பேராசிரியர், அவருடைய மகன், உறைந்த ஏரி. பனி எவ்வளவு எடையைத் தாங்கும் என்று தந்தை கணக்குப் போடுகிறார்; பையனைவிடப் பல மடங்கு எடையைத் தாங்கும் என்று விடை வருகிறது. அடுத்த நாள் அவர் மேசையில் வேலை செய்துகொண்டிருக்கும்போது தாளில் ஒரு நீலக் கறை தோன்றி மெல்லப் பரவுகிறது. மைப்புட்டி தானாக விரிசல் விட்டிருக்கிறது. அவர் தாள்களைத் துடைக்கிறார், கைகளைக் கழுவுகிறார், வெளியே தீயணைப்பு வண்டியின் ஒலி கேட்கிறது. ஏரியில் நடந்தது நமக்குக் காட்டப்படவே இல்லை. கைகளிலிருந்து நீல நீர் வடிந்து போவதைத்தான் பார்க்கிறோம். தந்தை உடனே ஓடுவதில்லை என்பதைக் கவனியுங்கள்; தன் கணக்கின்மேல் வைத்த நம்பிக்கையால் அவர் மெதுவாக நடக்கிறார், மாடிப்படியில் பொறுமையாக இறங்குகிறார், பிறகுதான் அந்த நடை குலைகிறது. ஒரு பொருளை அருகில் காட்டி, பெரிய நிகழ்ச்சியைச் சட்டகத்துக்கு வெளியே வைக்கும் இந்த முறை கடைசிப் படம்வரை அவரோடு வருகிறது. இரண்டாம் படத்தில் கண்ணாடிக் குவளைக்குள் விழுந்த பூச்சியொன்று கரண்டிக் காம்பைப் பற்றி ஏறும் காட்சியையும் இதே கண்ணோடு பாருங்கள்.

ஐந்தாவதும் ஆறாவதும் நீண்ட வடிவத்தில் திரையரங்குப் படங்களாகவும் வந்தன. 'எ ஷார்ட் ஃபிலிம் அபௌட் கில்லிங்', 1988இல் கான் விழாவில் நடுவர் பரிசும், அதே ஆண்டு முதன்முதலாக வழங்கப்பட்ட ஐரோப்பியத் திரைப்பட விருதும் பெற்றது. ஐந்தாவதற்கு இந்த நீண்ட வடிவத்தையே பாருங்கள். இளைஞன் ஒருவன் டாக்சி ஓட்டுநரைக் கொல்வதும், பின்னர் அரசு அவனைக் கொல்வதும் இரண்டுமே முழுமையாக, தள்ளாமல், அவசரப்படுத்தாமல் காட்டப்படுகின்றன. பார்ப்பது கடினம், அன்று மனம் சோர்ந்திருந்தால் வேறொரு நாளுக்குத் தள்ளிவையுங்கள். ஒளிப்பதிவாளர் ஸ்லாவோமிர் இட்ஸியாக் பச்சை வடிகட்டிகளைப் போட்டு நகரத்தையே நோயுற்றதாக்கி, சட்டகத்தின் ஓரங்களை இருட்டாக்கி, ஒரு முகத்தைத் தவிர மற்றதெல்லாம் தேவையில்லை என்று நம் கண்ணைக் கட்டுகிறார். போலந்தில் மரண தண்டனை கடைசியாக நிறைவேற்றப்பட்டது படம் வெளிவந்த அதே 1988ஆம் ஆண்டின் ஏப்ரலில்.

ஆறாவதற்கு மட்டும் இரண்டு வடிவங்களையும் பார்க்க வேண்டும், முதலில் தொலைக்காட்சி வடிவம். அஞ்சலகத்தில் வேலை பார்க்கும் இளைஞன் எதிர்வீட்டுப் பெண்ணைத் தொலைநோக்கியில் பார்த்துக்கொண்டிருக்கிறான். தொலைக்காட்சி வடிவம், இனி உன்னை எட்டிப் பார்ப்பதில்லை என்று அவன் சொல்வதோடு முடிந்துவிடும். திரையரங்கு வடிவத்தில் அவள் அவன் அறைக்கு வந்து அதே தொலைநோக்கியில் கண் வைத்துத் தன் வீட்டையே பார்க்கிறாள். முன்னொரு நாள் தான் தனியே அழுதபோது அவன் அருகில் நிற்பதாகக் காண்கிறாள். இந்த முடிவு வேண்டுமென்று கேட்டவர் அந்தப் பாத்திரத்தில் நடித்த கிராஜினா ஷபோலோவ்ஸ்கா. பார்க்கப்பட்டவள் பார்க்கிறவளாக ஆகிறாள். 'கேமரா பஃப்' முடிவை இதற்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

கடைசிக் கட்டம்: பிரெஞ்சுப் படங்கள்

இவ்வளவு தூரம் வந்தவருக்கு இந்தப் படங்களில் வழிகாட்டி அதிகம் தேவைப்படாது. 1991இல் வந்த 'தி டபுள் லைஃப் ஆஃப் வெரோனிக்' போலந்திலும் பிரான்சிலும் ஒரே சாயலில் வாழும் இரண்டு பெண்களின் கதை. இரண்டு பாத்திரங்களிலும் நடித்த இரேன் ஜாகோப் கான் விழாவில் சிறந்த நடிகைக்கான பரிசு பெற்றார். விளக்கம் தேடிப் பார்க்காமல், இசையோடும் ஒளியோடும் போய்விடுவதே இதற்கு நல்ல முறை. இதில் புகழப்படும் பழைய டச்சு இசையமைப்பாளர் வான் டென் புடன்மாயரை நூலகத்தில் தேட வேண்டாம். அவர் பிரெய்ஸ்னரும் இயக்குநரும் சேர்ந்து உருவாக்கிய கற்பனை மனிதர்.

தயாரிப்பாளர் மாரன் கார்மிட்ஸுக்காக எடுத்த மூன்று வண்ணப் படங்களை ப்ளூ, வொயிட், ரெட் என்ற வரிசையில் மட்டுமே பாருங்கள். ரெட் படத்தின் முடிவு முந்தைய இரண்டையும் அழைக்கிறது. சுதந்திரம், சமத்துவம், சகோதரத்துவம் என்ற, பிரெஞ்சுக் கொடியின் வண்ணங்களோடு சேர்த்துச் சொல்லப்படும் சொற்களை மனத்தின் ஓரத்தில் வைத்துக்கொண்டால் போதும். 1993இல் வெனிஸில் ப்ளூ தங்கச் சிங்கத்தைப் பகிர்ந்துகொண்டது. வொயிட் படத்துக்காக பெர்லினில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி கிடைத்தது. ரெட் கான் விழாவில் வெறுங்கையோடு திரும்பி, பின்னர் மூன்று ஆஸ்கர் பரிந்துரைகளைப் பெற்றது.

மூன்றிலும் ஒரு முதியவர் கண்ணாடிப் புட்டியை மறுசுழற்சித் தொட்டிக்குள் போட எட்டாமல் திணறும் காட்சி வரும். ப்ளூவின் நாயகி ஜூலி கண்மூடி வெயிலில் உட்கார்ந்திருப்பதால் பார்ப்பதே இல்லை. வொயிட்டின் நாயகன் கரோல் பார்த்துவிட்டுப் புன்னகைக்கிறான். ரெட்டின் நாயகி வாலன்டைன் போய் உதவுகிறாள். ப்ளூ படத்தில் சர்க்கரைக் கட்டி காப்பியை உறிஞ்சும் அண்மைக் காட்சியும் அதே அளவு எண்ணிச் செய்தது. ஐந்து நொடிக்கு மேல் பார்வையாளர் பொறுக்க மாட்டார் என்று கருதியதால், சரியாக ஐந்து நொடியில் ஊறும் சர்க்கரைக் கட்டி எது என்று உதவியாளரை வைத்துச் சோதித்துத் தேர்ந்தெடுத்தார். அந்த ஐந்து நொடியில் ஜூலிக்குச் சர்க்கரையைத் தவிர உலகத்தில் வேறெதுவும் வேண்டாம் என்பதை எந்த வசனமும் இல்லாமல் சொல்லிவிட்டார்.

ரெட் படத்தில் அண்டை வீட்டாரின் தொலைபேசி உரையாடல்களை ஒட்டுக்கேட்கும் ஓய்வுபெற்ற நீதிபதியாக ஜான் லூயி திரின்தினான் வருகிறார். ரயில் நிலையத்தையும் இரவுக் காவலாளியையும் தொலைநோக்கி இளைஞனையும் பார்த்தவருக்கு இந்த நீதிபதி யாரென்று சொல்லத் தேவையில்லை. பிறரின் வாழ்க்கையைக் கேட்டுக் கேட்டு எதையும் மாற்ற முடியாதவராகிவிட்ட ஒரு மனிதர், தான் செய்ததைத் தானே எழுதி அறிவித்துவிடுகிறார். அடுத்த காட்சிகளில் அவர் வீட்டின்மேல் கற்கள் விழுகின்றன. உடையும் ஒவ்வொரு கண்ணாடியையும் அவர் ஏற்றுக்கொள்கிறார்.

அதற்குப் பிறகு

ரெட் வெளியானபோது ஓய்வை அறிவித்த கீஸ்லோவ்ஸ்கி, 1996 மார்ச் 13ஆம் நாள் இதய அறுவை சிகிச்சைக்குப் பின் வார்சாவில் இறந்தார், வயது 54. ஓய்வு என்று சொல்லியிருந்தாலும் பியெசெவிச்சோடு சேர்ந்து சொர்க்கம், நரகம், இடைநிலை உலகம் என்ற மூன்று திரைக்கதைகளுக்கான வேலையைத் தொடங்கியிருந்தார். முதலாவதை ஜெர்மானிய இயக்குநர் டாம் டிக்வர் 2002இல் 'ஹெவன்' என்ற பெயரில் படமாக்கினார். அதை கீஸ்லோவ்ஸ்கி படம் என்ற எதிர்பார்ப்போடு பார்க்காதீர்கள். அவருக்குப் படப்பிடிப்பு என்பது படத்தொகுப்பு அறைக்கு வேண்டிய மூலப்பொருளைத் திரட்டும் வேலைதான். திரைக்கதையில் இருந்த எத்தனையோ காட்சிகளை அந்த அறையில்தான் அவர் வெளியே எடுத்துவிடுவார். 'ஹெவன்' திரைக்கதை அந்த அறைக்கு அவரோடு போகவில்லை. டிக்வரின் படமாகவே அதை ஏற்றுக்கொண்டு, அதில் ஒரு தற்செயல் எப்படி எழுதப்பட்டிருக்கிறது, ஒரு தவறுக்கு எவ்வளவு நேரம் கொடுக்கப்படுகிறது என்று மட்டும் கவனித்தால், பியெசெவிச்சோடு மேசையில் உட்கார்ந்து எழுதிய பகுதி எதுவரை, படத்தொகுப்பில் பிறக்கும் பகுதி எது என்ற எல்லை உங்களுக்கே தெரிந்துவிடும்.